நானூற்று முப்பத்தோரு பெட்டிகள்

எனக்குப் பொறாமை அதிகம். மறைத்துப் பயனில்லை என்பதால் முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பந்தியில் பக்கத்து இலைக்கு இரண்டு அப்பளம் விழுந்தால் எனக்கு வயிறு எரியும். என் கடைக்கு எதிரே ஒருவர் டயர்க் கடை போட்டபோது, நான் டயரே விற்பதில்லை என்பதையும் மறந்து ஒரு வாரம் சரியாகச் சாப்பிடவில்லை. கல்யாணம் ஆனால் இந்தக் குணம் தணிந்துவிடும் என்று என் அம்மா நம்பினாள். தணியவில்லை. ஊரெல்லாம் சுற்றிக்கொண்டிருந்த பொறாமை கல்யாணத்துக்குப் பிறகு வீட்டோடு தங்கிவிட்டது.

என் மனைவி அரசுப் பள்ளியில் அறிவியல் ஆசிரியை. பள்ளி கந்தர்வக்கோட்டையைத் தாண்டி ஒரு கிராமத்தில் இருக்கிறது. நாங்கள் குடியிருப்பது புதுக்கோட்டையில். எனக்கு இங்கே டிராக்டர் உதிரிபாகக் கடை. காலை ஏழே முக்கால் பேருந்தைப் பிடித்தால்தான் அவள் இறைவணக்கத்துக்குள் போய்ச் சேர முடியும். தினமும் நான்தான் வண்டியில் கொண்டுபோய்ப் பேருந்து நிலையத்தில் விடுவேன்.

அதே பேருந்தில் அதே பள்ளிக்குக் கணக்கு ஆசிரியர் ஒருவரும் போவார். வயது நாற்பத்தாறு. முன் வழுக்கை, சட்டைப் பையில் எப்போதும் இரண்டு பேனா, வீட்டில் அமைதியான மனைவி, கல்லூரியில் படிக்கும் இரண்டு பெண்கள். தப்பாக நினைக்க அவரிடம் எதுவும் கிடையாது. நானும் அப்படித் தப்பாக நினைக்கவில்லை. ஆனால் பேருந்து உள்ளே திரும்பும்போதே அவர் கூடவே ஓடி, ஜன்னல் வழியாகக் கைக்குட்டையைப் போட்டு, என் மனைவிக்கும் கூட வரும் தமிழாசிரியைக்கும் இடம் பிடித்துவிடுவார். பின் சீட்டில் தன் பையைப் போட்டுக்கொள்வார். ஊரில் எல்லாரும் செய்கிற வேலைதான் இது. ஆனாலும் அந்தக் கைக்குட்டையைப் பார்க்கும்போதெல்லாம் எனக்குப் பற்றிக்கொண்டு வரும்.

காலாண்டுத் தேர்வு முடிந்த சமயத்தில் அவர்கள் ஆசிரியர் அறைக்குள் ஒரு ஆட்டம் நுழைந்தது. ஃபோனில் ஆடுகிற சின்ன ஆட்டம். மேலே ஒரு பெட்டி இடமும் வலமுமாக ஆடிக்கொண்டிருக்கும். சரியான நேரத்தில் திரையைத் தட்டினால் கீழே இருக்கும் பெட்டியின் மேல் போய் உட்காரும். தப்பினால் சரிந்து விழும், ஆட்டம் முடிந்தது. எத்தனை பெட்டி அடுக்குகிறீர்களோ அதுதான் உங்கள் எண். பள்ளியில் பதினோரு பேர் சேர்ந்து ஒரு குழு ஆரம்பித்தார்கள். யார் அதிகம் அடுக்கினார்கள் என்று பட்டியல் வரும். முதலில் கணக்கு சார், நானூற்றுப் பன்னிரண்டு. இரண்டாவது என் மனைவி. அந்த இரண்டாவது இடத்தை விட்டு அவள் ஐந்து மாதமாக நகரவில்லை.

போகும்போது ஒரு மணி நேரம், வரும்போது ஒரு மணி நேரம் ஆட்டம். வீட்டுக்கு வந்தால் ஆட்டத்தைப் பற்றிய பேச்சு. "முன்னூறத் தாண்டுனா பெட்டி வேகமா ஆடுதுங்க. சார் என்ன சொல்றாருன்னா, பெட்டியப் பாக்காதீங்க டீச்சர், அதோட நெழலப் பாத்துத் தட்டுங்கங்குறாரு." சாம்பார் ஊற்றும்போது சார். துணி மடிக்கும்போது சார். சார் ஆதனக்கோட்டை நிறுத்தத்தில் வண்டி குலுங்கியதால் முன்னூற்று எண்பதில் விட்டுவிட்டார். சார் மூச்சைப் பிடித்துக்கொண்டு தட்டுவாராம். அவர் மூச்சைப் பிடித்தால் எனக்கென்ன, விட்டால் எனக்கென்ன?

"நீங்களும் சேந்துக்கங்க, வீட்டு ஆளுங்களும் சேரலாம்" என்று அவள்தான் என்னையும் குழுவில் சேர்த்துவிட்டாள். ஆடிப் பார்த்தேன். இருபத்து மூன்று பெட்டி. பட்டியலில் பன்னிரண்டு பேர், நான் பன்னிரண்டாவது. எனக்கு மேலே இருந்தவர், அடுத்த வருஷம் ஓய்வுபெறப் போகிற அலுவலக உதவியாளர். அவரே நூற்று நாற்பது அடுக்கியிருந்தார். அன்றோடு அந்த ஆட்டத்தைத் திறப்பதில்லை என்று முடிவு செய்தேன். அவள் விளையாட உட்கார்ந்தால் நான் எழுந்து டிவி பக்கம் போய்விடுவேன்.

எனக்கு முதலிடமா வேண்டியிருந்தது? அது இல்லை. கல்யாணமான புதிதில் பள்ளியில் என்ன நடந்தாலும் அவள் என்னிடம்தான் முதலில் சொல்வாள். தலைமை ஆசிரியர் திட்டியது, ஏழாம் வகுப்புப் பையன் தவளையைப் பைக்குள் வைத்துக் கொண்டுவந்தது, எல்லாம். இப்போது அவள் வீட்டுக்கு வருவதற்குள் எல்லாவற்றையும் பேருந்திலேயே பேசி முடித்துவிடுகிறாள். எனக்குக் கிடைப்பது மிச்சம். அவளுக்கு ஆச்சரியம் தருகிற ஆளாக நான் திரும்பவும் ஆக வேண்டும். எனக்கு வேண்டியிருந்தது அது ஒன்றுதான்.

சிங்கப்பூரில் இருக்கும் என் பெரியப்பா மகன் போன முறை வந்தபோது தன் பழைய ஐபோனை எனக்குத் தந்துவிட்டுப் போயிருந்தான். கடையில் பில் படம் எடுக்க மட்டும் அதை வைத்திருந்தேன். ஒருநாள் மதியம் சும்மா யூடியூப் பார்த்துக்கொண்டிருந்தபோது, ஆட்டத்தில் வருகிற எண்ணை நம் இஷ்டத்துக்கு மாற்றுவது எப்படி என்று ஒருவன் விளக்கிக்கொண்டிருந்தான். அவன் பேசிய இந்தி எனக்குப் பாதிதான் புரிந்தது. ஆனால் திரையில் அவனுடைய காசு நாற்பதிலிருந்து லட்சத்துக்குத் தாவியது புரிந்தது. சோற்றுப் பொட்டலத்தை அப்படியே வைத்துவிட்டு அந்த வீடியோவை மூன்று முறை பார்த்தேன்.

அதற்கு முதலில் ஃபோனை ஜெயில்பிரேக் செய்ய வேண்டும். கம்பெனிக்காரன் போட்டுவைத்த பூட்டை உடைத்து, அவன் அனுமதிக்காத செயலிகளையும் ஏற்றுவதற்குப் பெயர் அது. புது ஃபோன்களில் லேசில் முடியாது. என்னுடையது பழையது, அப்டேட்டும் செய்யாதது, அதனால் முடியும். வேலைகளை மதியச் சாப்பாட்டு நேரத்தில் வைத்துக்கொண்டேன். ஷட்டரைப் பாதி இறக்கிவிட்டு, கடை லேப்டாப்பில் பென் டிரைவைச் செருகி, அதிலிருந்த வேறொரு சிஸ்டத்தில் லேப்டாப்பைத் திறந்து, கேபிளில் ஃபோனை மாட்டினேன். பவர் பொத்தானையும் ஒலி குறைக்கும் பொத்தானையும் சேர்த்து அழுத்த வேண்டும். லேப்டாப் திரையில் எண்கள் ஓடும். அது சொல்கிற நொடியில் ஒன்றை மட்டும் விட வேண்டும். முந்தினாலும் தப்பு, பிந்தினாலும் தப்பு. பெட்டி அடுக்கத் தெரியாத என் கை இதிலும் தடுமாறியது. நாலு முறை தோற்று ஐந்தாவது முறை ஃபோன் கறுத்துப்போய், வெள்ளை எழுத்துகள் மளமளவென்று ஓடி, பிறகு ஒன்றுமே நடக்காதது போல் திறந்துகொண்டது.

நடந்திருந்தது. புதிதாக ஒரு செயலியின் படம் முகப்பில் உட்கார்ந்திருந்தது. அதற்குள் போய், வீடியோக்காரன் தந்த முகவரியைச் சேர்த்து, நினைவகத்தைத் திருத்தும் கருவியை இறக்கி நிறுவினேன். பெட்டி ஆட்டத்தையும் இந்த ஃபோனில் ஏற்றி என் பெயரிலேயே நுழைந்துகொண்டேன். மறுநாள் சார்ஜ் போய் ஃபோன் அணைந்தது. திரும்பப் போட்டால் கருவி திறக்க மறுக்கிறது. ஒவ்வொரு முறை அணைந்து எழும்போதும் லேப்டாப்பில் மாட்டி மறுபடி முதலிலிருந்து உடைக்க வேண்டுமாம். இதைக் கண்டுபிடிக்கவே இரண்டு மதியம் போனது. அந்த நாட்களில் கல்டிவேட்டர் போல்ட் கேட்டு வந்த விவசாயிகளிடம் நான் எரிந்து விழுந்தேன். ஒருவர், "என்ன தம்பி, வீட்ல யாருக்கும் ஒடம்பு சரியில்லையா?" என்று உண்மையான அக்கறையோடு கேட்டார்.

கருவி வேலை செய்யும் விதம் எளிது. ஆட்டத்தைத் தொடங்கி ஐந்து பெட்டி அடுக்கி நிறுத்திவைக்க வேண்டும். கருவியைத் திறந்து, ஃபோனின் நினைவகத்தில் ஐந்து என்ற எண் எங்கெல்லாம் இருக்கிறது என்று தேடச் சொல்ல வேண்டும். பல்லாயிரம் இடங்களைக் காட்டும். திரும்பிப்போய் இன்னொரு பெட்டி அடுக்கிவிட்டு வந்து, அந்த இடங்களில் இப்போது ஆறாக மாறியிருப்பது எது என்று கேட்க வேண்டும். கூட்டம் குறையும். அடுத்து ஏழு. அடுத்து எட்டு. கடைசியில் ஓரிரு இடங்கள்தான் மிஞ்சும். அங்கே நமக்கு வேண்டிய எண்ணை எழுதிவிடலாம்.

எனக்கு இரண்டு இடங்கள் மிஞ்சின. ஒன்றில் எழுதினேன். திரையில் பெரிய எண் வந்ததும் தனியாக உட்கார்ந்து கைதட்டினேன். அடுத்த பெட்டியை வைத்தேன், பழையபடி பதினொன்று என்று காட்டியது. நான் மாற்றியது திரையில் காட்டுவதற்காக வைத்திருக்கும் நகலை. மூலம் மற்றதில் இருந்தது. இதற்கு இன்னும் சில மதியங்கள் ஆயின. எல்லாம் சேர்த்து பதினோரு நாள்.

எந்த எண்ணைப் போடுவது என்பதில் நான் மிகவும் கவனமாக இருந்தேன். ஒன்பது லட்சத்துத் தொண்ணூற்றொன்பதாயிரம் என்று போடுகிறவன் மடையன். சாரின் நானூற்றுப் பன்னிரண்டுக்கு மேலே, ஆனால் நம்புகிற மாதிரி இருக்க வேண்டும். நானூற்று முப்பது என்று எழுதினேன். கூட ஒரு பெட்டியை என் கையாலேயே அடுக்கி முப்பத்தொன்று ஆக்கினேன். அதற்கடுத்த பெட்டியை வேண்டுமென்றே தவறவிட்டேன். ஆட்டம் முடிந்தது, எண் பட்டியலுக்குப் போய்விட்டது. பட்டியலைத் திறந்துகூடப் பார்க்கவில்லை. சாயங்காலம் அவளோடு சேர்ந்து பார்க்கலாம் என்று ஷட்டரை ஏற்றிவிட்டு வியாபாரத்தைக் கவனித்தேன். அன்றைக்கு எல்லாரிடமும் சிரித்துப் பேசினேன்.

சாயங்காலம் அவள் வழக்கத்தைவிட வேகமாக வீட்டுக்குள் வந்தாள். கையில் பால்கோவா பொட்டலம். செருப்பைக்கூட ஒழுங்காகக் கழற்றவில்லை.

"என்னங்க, இங்கிட்டு வாங்க. ஒங்களுக்கு ஒண்ணு காட்டணும். வரும்போது பஸ்ல சொல்லலாம்னு வாய் வரைக்கும் வந்துச்சு. மொதல்ல ஒங்ககிட்டதான் சொல்லணும்னு யாருக்கும் சொல்லாம வந்துட்டேன்."

ஃபோனைத் திறந்து பட்டியலை என் முன்னால் நீட்டினாள். நீட்டியபடியே தானும் பார்த்தாள். முதலில் என் பெயர், நானூற்று முப்பத்தொன்று. இரண்டாவது அவள் பெயர், நானூற்றுப் பதினெட்டு. மூன்றாவது கணக்கு சார்.

அன்று காலையில்தான், போகிற பேருந்தில், ஐந்து மாதத்துக்குப் பிறகு அவள் சாரைத் தாண்டியிருக்கிறாள். சார் அசதியில் தூங்கிக்கொண்டிருந்தாராம். அரை நாள் அவள் முதலிடத்தில் இருந்திருக்கிறாள், யாரும் கவனிக்கவில்லை. அதைத்தான் எனக்காகப் பொத்திக் கொண்டுவந்தாள். நான் சாரை இறக்குவதாக நினைத்துக்கொண்டு அவளை இறக்கியிருந்தேன்.

அவள் முகம் ஒரு கணம் வெறுமையாக இருந்தது. பிறகு அவள், "அட, நீங்களா? எப்பங்க ஆடுனீங்க? சொல்லவே இல்ல?" என்று சிரித்து, பொட்டலத்தைப் பிரித்து முதல் வாயை எனக்கு ஊட்டினாள். "சரி விடுங்க, முதலிடம் நம்ம வீட்டுக்குள்ளதானே இருக்கு."

அப்போதே சொல்லியிருக்க வேண்டும். வாயில் பால்கோவா இருந்தது. அது ஒரு சாக்கு என்று தெரியும். உண்மை என்னவென்றால் அவள் கண்ணில் நான் கேட்ட ஆச்சரியம் இருந்தது, அதை விட எனக்கு மனம் வரவில்லை. "கடையில வேல இல்லாத நேரத்துல சும்மா தட்டுனது" என்றேன்.

மறுநாளிலிருந்து ஒரு மாற்றம் தெரிந்தது. அவள் சாரைப் பற்றிப் பேசுவதை நிறுத்திவிட்டாள். சாம்பாரில் சார் இல்லை, துணி மடிப்பில் சார் இல்லை. நானாகவே ஒருநாள், "என்ன, ஒங்க சாரு நெழலப் பாத்துத் தட்டுறத விட்டுட்டாரா?" என்று சீண்டினேன். "ஆடுறாரு" என்று மட்டும் சொல்லிவிட்டு விடைத்தாள் கட்டைப் பிரித்தாள். ஜெயித்துவிட்டேன் என்று நினைத்தேன். காலையில் கைக்குட்டை ஜன்னலுக்குள் போவதைப் பார்த்தும் எனக்கு ஒன்றும் செய்யவில்லை. ஒருநாள் அவருக்கு வணக்கம்கூட வைத்தேன். அவர் மிக மரியாதையாகத் திருப்பி வைத்தார். இப்படி மூன்று வாரம் போனது.

அந்த அலுவலக உதவியாளர் கந்தர்வக்கோட்டைப் பக்கம் தன் முந்திரித் தோப்பை ஒட்டிப் புது வீடு கட்டிப் பால் காய்ச்சினார். ஞாயிற்றுக்கிழமை. பள்ளியே திரண்டு வந்திருந்தது. மதியச் சாப்பாடு முடிந்து பந்தலில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தபோது வீட்டுக்காரரே ஆரம்பித்தார்.

"நானூத்தி முப்பத்தொண்ணு அடிச்சவரு இவருதானா? எங்க எல்லாத்தையும் தூக்கிச் சாப்ட்டீங்களே சார்! ஒரு தடவ எங்க முன்னாடி ஆடிக் காட்டுங்க, கத்துக்கிறோம்."

ஆளாளுக்குக் கேட்டார்கள். என் ஃபோனைக் கடையில் வைத்துவிட்டு வந்தேன் என்றேன். தமிழாசிரியை தன்னுடையதை என் கையில் திணித்துவிட்டார். என்னைச் சுற்றி நாற்காலிகள் நகர்ந்தன. முதல் பெட்டி சரியாக விழுந்தது. இரண்டு, மூன்று. நிழலைப் பார்க்க வேண்டும் என்று அவள் சொன்னது நினைவு வந்து நிழலைத் தேடினேன். ஒன்பதாவது பெட்டி சரிந்து விழுந்தது. யாரோ சிரித்தார்கள். "இன்னொரு தடவ" என்றார்கள். இன்னொரு தடவை ஆறு. சிரிப்பு நின்றுபோனது. அது சிரிப்பைவிட மோசமாக இருந்தது. என் மனைவி பந்தல் காலைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

கணக்கு சார் எழுந்து வந்து என் கையிலிருந்து ஃபோனை மெதுவாக வாங்கிக்கொண்டார்.

"அடுத்தவங்க ஃபோனு கைக்கு வராதுங்க. எனக்கே என் பொண்ணு ஃபோனக் குடுத்தா இருவது தாண்டாது. சாப்ட்டு ஒக்காந்த மனுசன ஆடச் சொல்லிக்கிட்டு. சார், நீங்க வாங்க, தோப்பப் பாத்துட்டு வருவோம்."

தோளில் கை போட்டு என்னை அழைத்துக்கொண்டு போனார். தோப்புக்குள் முந்திரி இந்த வருஷம் பூத்ததைப் பற்றி மட்டும் பேசினார். ஆட்டத்தைப் பற்றி ஒரு சொல் இல்லை. என் மானத்தைக் காப்பாற்றிய மனிதர்மீது எனக்கு நன்றி வந்திருக்க வேண்டும். இவ்வளவு நல்லவனாக இருக்க இவருக்கு எப்படி முடிகிறது என்று அதற்கும் பொறாமைதான் வந்தது.

திரும்பும்போது நாலு மணி இருக்கும். அவள் பின்னால் உட்கார்ந்து வந்தாள். ஆதனக்கோட்டையில் சாலையோரம் முந்திரி வறுத்து விற்கும் கொட்டகைகளைத் தாண்டியதும் நான் வண்டியை ஓரம் கட்டினேன். இறங்கி நின்று எல்லாவற்றையும் சொன்னேன். பென் டிரைவ், பொத்தான், நகல், மூலம், பதினோரு மதியம். சொல்லி முடித்ததும் ஆச்சரியப்படுவாள், கோபப்படுவாள் என்று எதிர்பார்த்தேன்.

"தெரியுங்க" என்றாள்.

"எப்ப?"

"மறுநாளே. பட்டியல்ல பேரத் தொட்டா எவ்வளவு நேரம் ஆடுனோம்னு வரும். ஒங்களுக்கு ஒரு நிமிஷம் நாலு செகண்டுன்னு காட்டுது. நானூறு பெட்டிக்குக் கால் மணி நேரமாச்சும் ஆகும். சார் பாத்த ஒடனே சொல்லிட்டாரு, செகண்டுக்கு ஏழு பெட்டி வருது டீச்சர்னு."

நான் எண்ணை மட்டும் திருத்தியிருந்தேன். நேரம் அதன் பாட்டுக்கு ஓடியிருக்கிறது. அப்படி ஒன்று இருப்பதே, பட்டியலில் யார் பெயரையும் தொட்டுப் பார்க்காத எனக்குத் தெரியாது.

"வேற யாருக்கெல்லாம் தெரியும்?"

"யாருக்கும் தெரியாது. நானும் சாரும் மட்டுந்தான்." என்னைத் தேற்றுகிற குரலில்தான் சொன்னாள். "அவரு யாருகிட்டயும் மூச்சு விடல. எனக்குத்தான் மனசு கேக்கல. ஏன் இப்படிச் செஞ்சாங்கன்னு பஸ்ல அவருகிட்ட கேட்டுக்கிட்டே வருவேன். ஒங்களுக்குச் சங்கடம் வராம எப்படிக் கேக்குறது, கேக்கலாமா வேணாமான்னு தெனமும் அதான் பேச்சு. அவராப் பாத்துச் சொல்ற வரைக்கும் பொறுங்க டீச்சர்னாரு."

போகும்போது ஒரு மணி நேரம், வரும்போது ஒரு மணி நேரம். மூன்று வாரம். என் வீட்டில் சார் பேச்சு நின்றிருந்த அந்த மூன்று வாரமும் பேருந்தில் என் பேச்சுதான் நடந்திருக்கிறது. அதுவரை அவர்களுக்குள் இருந்தது ஊரறிந்த ஒரு விளையாட்டு. மூடி வைக்க வேண்டிய விஷயம் என்று எதுவுமே கிடையாது. அப்படி ஒன்றை நானே உட்கார்ந்து தயார் செய்து கொடுத்திருக்கிறேன்.

"நான் இன்னைக்கே அந்தக் குழுவ விட்டு வெலகிடுறேன்" என்றேன். "என் பேரு போயிடும். நீ மொதல்ல வந்துடுவ."

அவள் முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு பின் சீட்டில் ஏறி உட்கார்ந்தாள்.

"அதெல்லாம் வேணாங்க. இப்பப் போயி வெலகினா, ஏன் வெலகுனாருன்னு எல்லாரும் கேப்பாங்க. ஒங்களுக்குத்தான் அசிங்கம். அப்படியே இருந்துட்டுப் போகட்டும்." என் தோளைப் பிடித்துக்கொண்டாள். "சாரும் அதான் சொன்னாரு."